பத்தொன்பது வரை எண்ணினேன்

மேடையின் இடது ஓரம். திரைமடிப்புக்குள் ஒரு முக்காலி,
நீலத்தாள் சுற்றிய பல்பு,
மடியில் பிரதி, காதில் பென்சில்.
முப்பத்தொரு வருடம் அதுதான் என் உத்தியோகம்,
மறந்தவர்களுக்கு அடி எடுத்துக் கொடுப்பது.
லோவெனா ட்ரெகியருக்கு மட்டும்
ஒருமுறைகூடக் கொடுத்ததில்லை.
கொடுத்திருக்க வேண்டுமோ,
அது வேறு. அதற்கும் வருகிறேன்.

ப்ரோக்கன் ஹில்லில் பிறந்தவள்.
ஈயமும் வெள்ளியும் தோண்டும் ஊர்.
துவைத்த சட்டை கொடியிலேயே சிவந்துபோகும்.
பள்ளி நாடகத்தில் மரமாக நின்றாளாம்.
புழுதிப் புயல் வந்தது, விளக்கணைந்தது,
இளவரசன் ஓடினான், டீச்சரும் ஓடினாள்.
"காடு மட்டும் அப்படியே நின்றது" என்பாள்,
சிகரெட்டைக் காற்றுக்கு மறைத்தபடி.

பதினேழில் சிட்னி, வானொலித் தொடர்.
கொட்டாங்கச்சி தட்டிக் குதிரையை ஓட்டுவாள்,
அதே மூச்சில்
குதிரைமேல் வரும் கன்னியாகவும் பேசுவாள்.
ஒரே சம்பளம்.

அன்றைக்கெல்லாம் மேடைக்கு இங்கிலாந்து வாய் வேண்டும்.
லண்டனில் மூன்றாம் மாடி அறை,
காசு போட்டால் எரியும் கேஸ் கணப்பு.
அதன்முன் உட்கார்ந்து
தன் ஊரை நாக்கிலிருந்து சுரண்டி எடுத்தாள்,
அடிப்பிடித்த பாத்திரத்தைச் சுரண்டுவதுபோல.
பதினொரு வருடம்.
பணிப்பெண். பணிப்பெண். செவிலி.
ஒருமுறை பிரபுவின் இரண்டாம் மனைவி,
திரை விலகும்போதே பிணம்.

திரும்பி வந்தால் மெல்போர்னில் காற்று மாறியிருந்தது.
ஃபிட்ஸ்ராயில் பழைய பிஸ்கட் கிடங்கு,
பெஞ்சுகள், பீர் வாடை,
இருபத்தாறு வயதில் தாடி வைத்த இயக்குநன்.
"நம் ஊர்க் குரல் வேண்டும்.
உங்களிடம் அது இல்லையே, மேடம்."

அவள் சிரிக்கவில்லை. சண்டையும் போடவில்லை.
மறுநாள் செயின்ட் கில்டா டிராமில் ஏறி
கடைசி இருக்கையில் உட்கார்ந்தாள்.
கண்டக்டர் பெயர் பெவ்.
"உள்ளே நகருங்க கண்ணுகளா, உள்ளே இடமிருக்கு."
மூன்று வாரம் அதை வாய்க்குள்ளேயே முனகினாள்.
பெற்றவள் பேசிய பேச்சை
டிக்கெட் வாங்கிக் கற்றுக்கொண்டாள்.

பிறகு தொலைக்காட்சி.
வாரம் நான்கு இரவு, ஆறு வருடம்,
நெடுஞ்சாலை மதுக்கடைக்காரி.
சம்பளம் கூட்டிக் கேட்டாள்.
எழுதுகிறவர்கள் அவள் காரைப் பாலத்திலிருந்து உருட்டிவிட்டார்கள்.
நிலையத்துக்கு நாற்பது மலர்வளையம் வந்தது.
சூப்பர் மார்க்கெட்டில், உறைந்த பட்டாணிக்கருகே,
ஒரு லாரி டிரைவர் அவள் முழங்கையைத் தொட்டுப் பார்த்து அழுதான்.
"அழாதடா, கடை இன்னும் மூடல" என்றாள்,
செத்தவளின் குரலில்.

இரண்டு கல்யாணம்.
ஒரு மகன், பெர்த்தில்.
அதற்குமேல் அவள் சொன்னதில்லை.

எழுபத்தொன்பதில், அடிலெய்டில், கடைசி நாடகம்.
சுரங்கம் விழுங்கியவனின் காலணி மேஜைமேல்.
அதைப் பார்த்து அவள் மௌனமாக இருக்க வேண்டும்,
ஏழு எண்ணும்வரை.
பிரதியின் ஓரத்தில் ஏழு பென்சில் கோடு.
அன்றிரவு ஏழு போயிற்று.
எட்டு.
பன்னிரண்டில் யாரோ இருமினார்கள்.
பதினாறில் விளக்குக்காரன் என்னைப் பார்த்தான்.
வரி என் வாய்க்குள் சுட்ட உருளைக்கிழங்காகக் கிடந்தது,
விழுங்கவும் முடியாமல் துப்பவும் முடியாமல்.
பத்தொன்பதில் பேசினாள்.
லண்டன் இல்லை. பெவ் இல்லை.
முப்பத்தொரு வருடத்தில் நான் கேட்டிராத ஒரு குரல்,
தொண்டையில் புழுதி அடைத்த சிறுமியுடையது.

மறந்தாளா,
அந்தக் குரலைத் தேடிப் போயிருந்தாளா,
தெரியவில்லை.
பின்தெருக் கடையில்
வினிகர் தெளித்த சிப்ஸ் தின்றோம்.
கேட்க வாயெடுத்தேன்.
"உப்பு பத்தல" என்றாள்.

பிரதி இன்னும் என்னிடம்தான்.
ஏழு கோட்டுக்கு அருகே
பன்னிரண்டு கோடு சேர்த்திருக்கிறேன், பேனாவால்.
இனி யார் நடித்தாலும்
அவர்களுக்கு ஏழு போதும்.